முறுக்கும் முற்பணமும்

ஐப்பசி பிறந்ததும் ஊவா மலைச்சாரலில் இரண்டு காரியங்கள் தவறாமல் நிகழ்கின்றன. ஒன்று மழை. மற்றது தோட்டத் தொழிலாளருக்குச் சிக்கனம் போதிக்கும் உபதேசம். “இந்தச் சனங்கள் தீபாவளிக்கு முறுக்கும் வடையும் சுட்டே கடனாளிகளாகிறார்கள். ஒரு நாட் பண்டிகைக்காகப் பல மாதச் சம்பளத்தை முன்கூட்டியே தின்றுவிடுகிறார்கள். எண்ணெய்ச் சட்டியில் ஊற்றும் காசைப் பிள்ளைகளின் படிப்பில் இட்டால் என்றோ கரையேறியிருப்பார்கள்” என்பது அந்த உபதேசத்தின் சாரம். இப்பேச்சு தோட்டத்து அலுவலகத்திற் பிறந்தால் நாம் வியப்படைய மாட்டோம். ஊழியம் வாங்குகிறவன், ஊழியம் செய்கிறவனின் உலைப்பானையை எட்டிப் பார்த்துக் கணக்குச் சொல்வது நெடுங்கால வழக்கம். ஆனால் பதுளையிலும் பசறையிலும் கூடும் கூட்டங்களில், தம்மை முற்போக்காளர் எனச் சொல்லிக்கொள்வதிற் பெருமைப்படும் சிலரும் இதே பல்லவியைப் பாடும்போது வாளாவிருத்தல் தகாது. தீபாவளி புராணக் கட்டுக்கதை என்பது அவர்களுடைய வாதத்தின் முதற்படி. ஆகவே முறுக்குச் சுடுவது மூடத்தனம் என்பது இரண்டாம் படி. முதற்படியைப் பற்றி வழக்காட நாம் வரவில்லை. நரகாசுரன் கதையை நம்பாதவனுக்கும் பல் உண்டு. அவனும் முறுக்குத் தின்பான்.

லுணுகலைப் பக்கத்துத் தோட்டங்களை மனத்திற்கொண்டே இதனை எழுதுகின்றோம். பதுளையிலிருந்து பசறை வழியாகப் பிபிலைக்கு இறங்கும் நெடுஞ்சாலையில், மடூல்சீமை மலைகளுக்கும் வெல்லசைத் தாழ்நிலத்துக்கும் இடையே லுணுகலைக் கடைத்தெரு இருக்கிறது. ஹொப்டன், அடாவத்தை முதலிய தோட்டங்களின் மக்கள் சம்பளம் கிடைத்ததும் சாமான் வாங்க வருவது இங்கேதான். தீபாவளிக்கு முந்திய வாரத்தில் அவர்கள் தூக்கிச் செல்லும் பைகளிற் பச்சரிசி, உளுந்து, கடலைப் பருப்பு, எள், சீனி, ஒரு போத்தல் அல்லது இரண்டு போத்தல் எண்ணெய் இருக்கும். இந்தப் பைக்குத்தான் ஆடம்பரம் என்று பெயர் சூட்டப்படுகிறது!

பத்திரிகைகளின் பெண்கள் பகுதியில், முறுக்குச் சுடும் முறை ஆண்டுதோறும் வெளியாகிறது. அரிசியைக் கழுவி நிழலில் உலர்த்துக. இடித்து அரிதட்டில் அரித்து இளஞ்சூட்டில் வறுத்துக் கொள்க. நான்கு பங்கு அரிசி மாவுக்கு ஒரு பங்கு உளுந்தை மணம் வர வறுத்து அரைத்துச் சேர்க்க. எள், சீரகம், உப்புச் சேர்த்துக் காய்ச்சிய எண்ணெய் இரண்டு கரண்டி விட்டுப் பிசைக. காய்ந்த எண்ணெயிற் பிழிந்து பொன்னிறமானதும் எடுக்க. காற்றுப் புகாத தகரத்திற் போட்டு மூடுக. இரு வாரம் மொறுமொறுப்பாக இருக்கும். குறிப்பில் ஒரு சொல்லும் பிழையில்லை. ஆனால் அதை எழுதியவர் சொல்லாமலே சிலவற்றை வைத்துக்கொண்டு எழுதுகிறார்: அரிசியை உலர்த்துவதற்கு ஓர் இடம், ஒழுகாத கூரை, சீராக எரியும் அடுப்பு, இரண்டு பகற்பொழுது. இந்த நான்கும் இல்லாத ஒருத்தி அதே முறுக்கைச் சுடும்போது என்ன நடக்கிறது என்பதை நாம் பார்க்கவேண்டும்.

மொறுமொறுப்பு என்பது ஈரத்தை வெளியேற்றும் கலை. பிசைந்த மாவு காய்ந்த எண்ணெயில் விழுந்தவுடன் சலசலவென்று குமிழிகள் எழுகின்றனவே, அவை எண்ணெயின் கொதிப்பு அல்ல. மாவிலிருக்கும் நீர் ஆவியாகி வெளியேறும் ஓசை அது. நீர் 100 பாகையிற் கொதிக்கும். எண்ணெயோ 170, 180 பாகைச் சூட்டில் இருக்கும். நீர் போன வழியெல்லாம் நுண்ணிய துளைகளாகி, வெந்த மாச்சத்து விறைத்து நிற்கிறது. பல்லிற் பட்டால் நொறுங்குவது அந்த விறைப்புத்தான். குமிழியின் ஆரவாரம் அடங்கும்வரை காத்திருந்து எடுக்கவேண்டும் என்பதை எந்தப் பள்ளிக்கூடத்திலும் படியாத கிழவி, ஓசையைக் கேட்டே சொல்லிவிடுவாள். அடுப்புத் தணிந்து சூடு குறைந்தால் நீர் மெல்ல வெளியேற, எண்ணெய் உள்ளே ஊறி முறுக்குச் சவசவவென்று ஆகிவிடும். சூடு மிகுந்தால் மேற்புறம் கருகி, உள்ளே ஈரம் தங்கிவிடும். மறுநாளே நமுத்துப் போகும். ஈரக்காற்றுப் பட்டாலும் அதே கதிதான். விறைத்து நின்ற மாச்சத்து காற்றிலுள்ள நீரை மறுபடி குடித்துத் துவண்டு விடுகிறது. மாவை மொத்தமாகப் பிசைந்து வைத்தால் கடைசி ஈடு சிவந்து எண்ணெய் குடிக்கும் என்பதும், காய்ச்சிய எண்ணெய் குறைந்தால் முறுக்குக் கல்லாகும், கூடினால் சட்டியிலேயே உதிர்ந்துபோகும் என்பதும் இவர்களுக்குக் கைப்பழக்கமாகத் தெரிந்த உண்மைகள். இரசாயனம் கற்பிக்கும் ஆசிரிய நண்பர்கள் இதனை ஒரு பாடமாகவே நடத்தலாம்.

இனி, இந்தக் கலைக்கு ஐப்பசி மாதத்து ஊவா எத்தகைய களம் என்பதைக் கவனியுங்கள். தென்மேற்குச் சரிவுகள் நனையும் ஆடி, ஆவணி மாதங்களில் ஊவாவிற் காய்ந்த காற்று வீசுகிறது. அக்காற்றுத்தான் ஊவாத் தேயிலைக்கு உலகப் புகழ் பெற்ற மணத்தைக் கொடுப்பது. யூலை முதல் செப்டெம்பர் வரையிலான அந்தப் பருவத்துத் தேயிலைக்குக் கொழும்பு ஏலத்தில் தனி மதிப்பு உண்டு. அந்தக் காற்று ஓய்ந்து, ஒக்டோபரில் மழை இறங்கியபின்பே தீபாவளி வருகிறது. கழுவிய அரிசி இஸ்தோப்பில் இரண்டு நாள் கிடந்தாலும் உலர்வதில்லை. அடுப்புக்குக் கவ்வாத்து வெட்டிய மலையிலிருந்து சுமந்துவந்த தேயிலை மிளாறு, அதுவும் நனைந்தது. நனைந்த மிளாறு எரிவதைவிடப் புகைவதே அதிகம். ஊதுகுழலை வைத்துக்கொண்டு ஒருத்தி கண்ணீர் வடிய ஊதி ஊதி எண்ணெயின் சூட்டை நிலைநிறுத்துகிறாளே, அந்தச் சாமர்த்தியத்தை எந்தக் குறிப்பும் எழுதவில்லை.

அதே மலையில், அதே மழையில், சில நூறு யார் தூரத்திலே தேயிலைத் தொழிற்சாலை நிற்கிறது. அதன் வேலை முழுவதும் ஈரத்தை வெளியேற்றுவதே. பச்சைக் கொழுந்தில் முக்காற் பங்குக்கு மேல் நீர். அதனை வாட்டும் தொட்டிகளிற் பரப்பி, கீழிருந்து விசிறிகளாற் காற்றை ஊதி, பன்னிரண்டு மணி நேரத்துக்கும் மேலாக வாட்டுகிறார்கள். பின்னர் உருட்டி, புளிக்கவைத்து, உலர்த்தும் இயந்திரத்துள் வெப்பக்காற்றைச் செலுத்தி, நூற்றுக்கு மூன்று பங்கு ஈரமே எஞ்சும்வரை காயவைக்கிறார்கள். ஏறத்தாழ நாலரைக் கிலோ கொழுந்து ஒரு கிலோ தேயிலையாகிறது. ஒரு பெண் ஒரு நாளில் 18 கிலோ கொழுந்து கொய்தாளென்றால், அதிலிருந்து 14 கிலோ நீரைத் தொழிற்சாலை ஒரே இரவில் விரட்டிவிடுகிறது! உலர்த்தும் அடுப்புக்குரிய விறகு கூரையின்கீழ் அடுக்கிக் காயவைக்கப்படுகிறது. முடிந்த தேயிலையை ஈரம் தீண்டாதிருக்க ஒரு காலத்தில் உலோகத்தாள் பதித்த பலகைப் பெட்டியில் அடைத்தார்கள்; இன்று உட்புறம் உலோகப் பூச்சுள்ள தாட்பைகளில் அடைக்கிறார்கள். இலண்டன்காரனின் கோப்பைக்குப் போகும் இலை நமுத்துப் போகக்கூடாது அல்லவா?

ஈரத்தை வெல்லும் விஞ்ஞானம் தோட்டத்துக்குத் தெரியாது என்று இனி எவரும் சொல்ல முடியாது. தெரியும், ஒன்றரை நூற்றாண்டாகத் தெரியும். 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையிற் பத்தொன்பது ஏக்கரிலே தேயிலை பயிரிட்ட நாளிலிருந்து அந்த அறிவு வளர்ந்தே வந்திருக்கிறது. இலைக்குக் கிடைத்த உலர்ந்த அறை, இலையைக் கிள்ளியவளுக்குக் கிடைக்கவில்லை. பத்தடிக்குப் பன்னிரண்டடிக் காம்பரா, அதன்முன் ஓர் இஸ்தோப்பு, அங்கேயே அடுப்பு, தலைக்குமேல் தகரம். 1975இல் தோட்டங்கள் அரசுடைமையான போதும், 1992இல் நிருவாகம் கம்பனிகளின் கைக்குத் திரும்பிய போதும் காம்பராவின் அளவு மாறவில்லை. மலையகத்தார் வந்து 200 ஆண்டுகள் ஆயினவென்று 2023இல் நினைவு கூர்ந்தோம். அந்த ஆண்டிலும் பெருந்தொகையானோர் லயத்திலேதான் முறுக்குச் சுட்டனர்.

முறுக்கு நமுத்துப் போவதை ஒரு துயரமென்று பேசுகிறோமா என்று சிலர் நகைக்கலாம். அவர்கள் சற்று நிதானிக்கட்டும். முறுக்கை நமுக்கவைக்கும் அதே மழைதான் மண்ணையும் நமுக்கவைக்கிறது. 2014 ஒக்டோபர் 29 காலையில், இதே பதுளை மாவட்டத்தில், கொஸ்லந்தை மீரியபெத்தைத் தோட்டத்து லயங்களை மலைச்சரிவு மூடிற்று. தீபாவளி கழிந்து ஒரு வாரமே ஆகியிருந்தது. பலகாரத் தகரம் இன்னும் வெறுமையாகாத வீடுகளாகவே அவை இருந்திருக்கும். அந்த மண் சரியும் என்ற எச்சரிக்கை அதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்னரே கொடுக்கப்பட்டிருந்தது. போக வேறு வீடு கொடுக்கப்படவில்லை. 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயல் வந்தபோது பதுளை மலைகள் மறுபடி பல இடங்களிற் சரிந்தன. ஈரத்தைப் பற்றிய பேச்சு சிறு பேச்சு அல்ல.

மாவின் சரித்திரத்துக்கு வருவோம். தோட்டத்தில் ஒருவர் என்ன தின்பார் என்பதை அவர் தீர்மானித்த காலம் மிகக் குறைவு. 1927ஆம் ஆண்டுக் குறைந்தபட்ச வேதனச் சட்டம் இந்தியத் தொழிலாளரின் நாட்கூலியை வரையறுத்தபோது, தோட்டம் கொடுக்கும் அரிசியின் விலையையும் உடன் வரையறுத்தது. கூலி கொடுப்பவனே அரிசியும் விற்றான். ஒரு கையாற் கொடுத்து மறு கையாற் கழித்துக்கொண்டான். இரண்டாம் உலகப் போரின்போது, 1942இற் பர்மா வீழ்ந்து அந்நாட்டு அரிசி வருவது நின்றுபோகவே, பங்கீட்டு முறையுடன் கோதுமை மாவும் மிகுதியாகப் புகுந்தது. அன்று தொடங்கிய ரொட்டி இன்றுவரை தோட்டத்தின் காலையுணவும் இரவுணவுமாக இருக்கிறது.

கோதுமை மாவில் முறுக்குச் சுட முடியாது. பிசைந்தாற் பசையாகி, பொரித்தால் தோல்போல் இழுபடும். அரிசியில் இல்லாத ஒரு பசைப்புரதம் அதில் இருப்பதே காரணம். ஆயினும் இலங்கைத் தமிழ்ப் பெண்கள் கோதுமை மாவிலே முறுக்குச் சுடுகிறார்கள்! மாவைத் துணியிற் கட்டி நீராவியில் அவித்து, கட்டி கட்டியாக வெந்ததைச் சூட்டோடு உடைத்து அரித்தெடுத்தால், அந்தப் பசைத்தன்மை செத்துப்போகிறது. பிறகு சிறிது உளுத்தம் மாவோ கடலை மாவோ கலந்தால் அரிசி முறுக்குக்கு ஏறத்தாழ நிகராகப் பொரியும். கப்பலேறி வந்த மாவைத் தமிழ் நாக்குக்குப் பணியவைத்த இந்த உபாயத்தைக் கண்டவள் பெயரைச் சரித்திரம் குறித்து வைக்கவில்லை. சி. வி. வேலுப்பிள்ளை தோட்ட மக்களின் பாடல்களைத் தேடித் தொகுத்தார். அவர்களுடைய அடுப்பங்கரை அறிவையும் அவ்வாறு தொகுக்க மாணவ நண்பர்கள் முன்வருவார்களானால், அது நாட்டார் இயல் ஆய்வுக்கு ஒரு குறைவும் ஆகாது.

உளுந்தின் கதை வேறு. உள்நாட்டு விவசாயியைக் காக்கிறோமென்று உளுந்து, பயறு, மஞ்சள் முதலியவற்றின் இறக்குமதி 2020இல் தடுக்கப்பட்டது. 2021 ஏப்ரலிற் பாமாயில் இறக்குமதிக்கும் தடை வந்தது. அடுத்த ஆண்டின் பொருளாதார வீழ்ச்சியிற் கோதுமை மாவின் விலை மும்மடங்குக்கும் மேல் ஏறிற்று. இறக்குமதிக் கட்டுப்பாடு முழுவதும் தவறென்று நாம் சொல்லவில்லை, விவசாயி வாழவேண்டும். ஆனால் தோட்டத் தொழிலாளியிடம் உளுந்து விதைக்க ஒரு பாத்தி நிலமும் இல்லை. விலையேற்றத்தின் சுமை முழுவதும் அவர் தலையில், விளைச்சலின் பயன் ஒரு துளியும் அவர் கையில் இல்லை. 1973, 74ஆம் ஆண்டுகளிலும் இதுவே மிகக் கொடிய உருவில் நிகழ்ந்தது. அரிசியும் மாவும் குறைந்து, தோட்டங்களில் மக்கள் பட்டினியால் மடிந்தார்கள். இடதுசாரிக் கட்சிகள் அமைச்சரவையில் அமர்ந்திருந்த காலம் அது. முறுக்குத் தின்பது மூடத்தனம் என்று உபதேசிக்கும் தோழர்கள், அந்த இரு ஆண்டுகளின் வரலாற்றை ஒருமுறை படித்துவிட்டு வந்து பேசினால் நன்றாயிருக்கும்.

இப்போது கடனுக்கு வருவோம். குற்றச்சாட்டின் உயிர்நிலை அதுதானே. தீபாவளி முற்பணம் என்பது என்ன? தொழிலாளர் இனிமேல் உழைக்கப் போகும் நாட்களின் கூலியில் ஒரு பகுதியை இப்போதே கொடுத்து, பின்வரும் மாதச் சம்பளங்களில் தவணை தவணையாகக் கழித்துக்கொள்வது. கொடுப்பது யார் பணம்? தொழிலாளரின் பணம். திருப்பிக் கட்டுவது யார்? தொழிலாளர். இதற்கு நன்றி பாராட்டிப் பத்திரிகைகளில் அறிக்கை விடுவது மட்டும் தொழிற்சங்கத் தலைமையின் வேலையாகிவிட்டது. முற்பணத் தொகையைக் கூட்டிப் பெற்றதை ஒரு வெற்றியாகக் கொண்டாடுகிறார்கள். கடன் பெரிதானது எப்படி வெற்றியாகும்?

கடல் கடந்து பாருங்கள். நீலகிரியிலும் வால்பாறையிலும் இதே தேயிலைச் செடியை, இதே மரபில் வந்த மக்களே கொய்கிறார்கள். 1964ஆம் ஆண்டுச் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி இங்கிருந்து அனுப்பப்பட்ட குடும்பங்களுக்காகவே தமிழ்நாட்டரசு 1968இல் அங்கே தேயிலைத் தோட்டங்களை ஆரம்பித்தது. லயத்தில் ஒரே சுவரின் இருபுறமும் இருந்த இரண்டு சகோதரர்களில் ஒருவர் கூடலூருக்குப் போனார், மற்றவர் ஊவாவில் நின்றார். போனவருக்குத் தீபாவளிக்கு முன் கிடைப்பது போனஸ். இந்தியாவில் 1965ஆம் ஆண்டுச் சட்டம் அதனை உரிமையாக்கிற்று. ஆண்டுச் சம்பளத்தில் நூற்றுக்கு 8.33 பங்கு அதன் அடி எல்லை, 20 பங்கு மேல் எல்லை. அச்சட்டம் ஊதியச் சட்டத் தொகுப்பினுள் சேர்க்கப்பட்ட பின்பும் அந்த எண்கள் மாறவில்லை. இங்கே நின்றவருக்குக் கிடைப்பது முற்பணம். அவருடைய முறுக்கு உழைத்த பணத்தில் பொரிகிறது. இவருடைய முறுக்கு உழைக்கப்போகும் பணத்தில் பொரிகிறது. அங்குள்ள தொழிலாளர் வாழ்வு சுவர்க்கம் என்று நாம் சொல்லவரவில்லை. அங்கும் போனஸ் பேச்சுவார்த்தை இழுபட்டு, வேலைநிறுத்தம்வரை போன ஆண்டுகள் உண்டு. ஆனால் போனஸ் என்பது பிந்திக் கொடுக்கப்படும் கூலியே என்ற வாதத்தை அந்நாட்டுத் தொழிலாளர் இயக்கம் பல பத்தாண்டுகளாக நடத்தி, சட்டத்தில் ஓரளவேனும் பதியவைத்தது. இங்கே அந்த வாதம் தொடங்கப்படவே இல்லை. சிக்கன உபதேசம் அதன் இடத்தைப் பிடித்துக்கொண்டது.

நாட்கூலி 2021 மார்ச்சில் 1,000 ரூபாவாகவும், 2024 செப்டெம்பரில் அடிப்படை 1,350 ரூபாவாகவும் வர்த்தமானியில் நிர்ணயிக்கப்பட்டது. அதற்கும் நிபந்தனை உண்டு. கொழுந்து மடுவத்தில் நிறை குறைந்தால் ‘அரைப் பேர்’ விழும். மழை மாதத்தில், நனைந்த கொழுந்துக்கு ஈரக் கழிவு என்று தராசில் வேறு வெட்டுவார்கள். (ஈரத்தின் கணக்கு இவ்விடத்திலும் தொழிலாளருக்கு எதிராகவே எழுதப்படுகிறது என்பதைக் கவனிக்க.) இந்தக் கூலியில், சேமலாபநிதியும் சங்கச் சந்தாவும் கோயிற் சந்தாவும் கடைக் கடனும் போக எஞ்சியதிற் பண்டிகை கொண்டாடு, கடன்படாதே என்று சொல்வது, தண்ணீரில் இறங்கு, நனையாதே என்று சொல்வதற்கு ஒப்பாகும்.

அடுப்படியில் நிற்பவளைப் பற்றி இன்னும் நாம் முழுமையாகப் பேசவில்லை. அதிகாலையிற் பிரட்டுக்குப் போய், மாலை ஐந்து மணிக்கு மடுவத்திற் கொழுந்து நிறுத்துவிட்டுத் திரும்புகிறவள், இரவு பத்து மணிக்கு உளுந்து வறுக்கிறாள். அடுத்த நாள் மா அரிக்கிறாள். மூன்றாம் இரவு விடியும்வரை சட்டியின் முன் நிற்கிறாள். மறுநாட் காலை வந்து ஒரு முறுக்கை எடுத்துக் கடித்துவிட்டு, “அம்மாவின் கைப்பக்குவம் யாருக்கும் வராது” என்று சொல்கிறோமே, அந்தப் பாராட்டு மிக மலிவானது. 1927ஆம் ஆண்டுச் சட்டம் பெண்ணுக்கு ஆணிலும் குறைந்த கூலியை எழுதிவைத்தது. அதனைச் சமமாக்க 1984வரை, 57 ஆண்டுகள் பிடித்தன. மலையிற் செய்யும் வேலைக்கேனும் அவ்வாறு ஒரு கணக்கு நேராயிற்று. வீட்டில் செய்யும் வேலைக்குப் பேரும் இல்லை, அரைப் பேரும் இல்லை. சமகூலிக்காகப் போராடிய ஆண் தோழர்களின் வீட்டிலும் முறுக்கு உரலைத் திருகுவது பெண்ணின் கைதான். திருகு உரலும் அழுத்து உரலும் நல்ல தோள் வலிமை கேட்பவை. கவ்வாத்துக் கத்தி பிடித்த கைக்கு அது ஒரு வேலையே அன்று. எனினும் அடுப்படி ஆணுக்கு இழுக்கு என்ற எண்ணம், நிலப்பிரபுத்துவத்தை மேடையிலே சுட்டெரித்துவிட்டு வருகிறவரிடமும் குந்தியிருக்கிறது. முறுக்கு மூடத்தனம் என்று சொல்வதைவிட, வந்து உரலைப் பிழி என்று அவருக்குச் சொல்வதே முற்போக்கான உபதேசமாகும்.

“இவ்வளவு பாடு எதற்கு? கடையிற் பக்கற்றாக வாங்கிவிடலாமே” என்பார் உளர். லுணுகலைக் கடைகளிலும் மிக்சரும் முறுக்கும் சரம் சரமாகத் தொங்குகின்றன. வாங்குவதை நாம் குறை கூறவில்லை. பெண்ணின் இரவு ஒன்று மிஞ்சுமானால் அது நல்லதே. ஆனால் சிறிய பக்கற்றில் அடைத்து விற்கும்போது ஒரு கிலோவுக்கு என்ன விலை விழுகிறது என்று பெருக்கிப் பார்த்தால், ஏழைக்குச் சில்லறையாக விற்கப்படும் எதுவும் மலிவானதில்லை என்பது விளங்கும். பலகாரத்துக்கு விலை இல்லாத வேறு ஒரு பயனும் உண்டு. தீபாவளிக் காலையில் லயத்தின் ஒரு கோடியிலிருந்து மறு கோடிவரை தட்டுகள் போய்வருகின்றன. முறுக்கு, வடை, அதிரசம், கச்சாயம் என்று ஒரு வீட்டிலிருந்து போனது வேறு வீட்டிலிருந்து வேறாக வருகிறது. சிங்களக் கிராமத்து வீட்டிலிருந்து சித்திரையிற் கொக்கிஸ் வருகிறது. அது நம் அச்சு முறுக்கேதான். பூவடிவ இரும்பு அச்சை மாவிற் தோய்த்து எண்ணெயில் அமிழ்த்தும்போது அது எந்த மொழியிலும் ஒரே ஓசையைத்தான் எழுப்புகிறது. இந்தப் போக்குவரத்தைப் பக்கற்று நடத்துவதில்லை.

ஊர் பற்றியும் ஒரு வார்த்தை. திருச்சிராப்பள்ளி மாவட்டத்து மணப்பாறை முறுக்குக்கு 2023இற் புவிசார் குறியீடு கிடைத்தது. அந்தத் திருச்சியிலிருந்தும், சேலம், தஞ்சாவூர், மதுரை, இராமநாதபுரம் பகுதிகளிலிருந்தும்தான் கங்காணிகள் சனங்களைத் திரட்டி வந்தார்கள். மண்டபம் முகாமைத் தாண்டி வந்தவர்களின் மூட்டையில் முறுக்கு உரல் இருந்ததோ இல்லையோ, கைகளில் அந்த வித்தை இருந்தது. ஊரில் நின்ற வித்தைக்குச் சட்டப்படி ஒரு பெயர் பதியப்பட்டுவிட்டது. இங்கே வந்த வித்தைக்காரருக்கோ, 1948இல் பறிபோன குடியுரிமை முற்றாகத் திரும்புவதற்கே 2003ஆம் ஆண்டுச் சட்டம்வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

எனவே அடுத்த சம்பளப் பேச்சுவார்த்தையின்போது தொழிற்சங்கங்கள் முற்பணத்தைக் கூட்டிக் கேட்பதை நிறுத்தி, தீபாவளிக்கு முன் கொடுபடவேண்டிய ஆண்டுப் போனசைச் சட்டமாக்கும்படி கேட்கவேண்டும். தீபாவளிக்கு முந்திய நாள் பெண்களுக்குச் சம்பளத்தோடு விடுமுறை கேட்கவேண்டும். இந்தியாவின் உதவியோடு தோட்டங்களிற் கட்டப்பட்ட 550 சதுர அடி வீடுகளின் வரைபடத்திற் குசினி என்று ஓர் அறை இருக்கிறது. அதில் விறகு உலரவும், புகை போகவும், மாத் தகரம் ஈரம்படாமல் இருக்கவும் வழி உண்டா என்பதை, புதிய வீடுகளுக்கு அடிக்கல் நாட்டுமுன், சமைப்பவளிடம் கேட்கவேண்டும். முறுக்கை முன்னிட்டுக் கோரிக்கையா என்று நகைப்போர்க்கு ஒரு செய்தி. 1940இற் பதுளையை அடுத்த வேவெஸ்ஸ தோட்டத்துத் தொழிலாளர் தமக்குள்ளே ஒரு குழுவைத் தேர்ந்தெடுத்து, அதனைக் கலந்தே துரை காரியம் நடத்தவேண்டும் என்ற நிலையை உண்டாக்கினர். அந்த மலைக்கும் லுணுகலைக்கும் இடையே அதிக தூரம் இல்லை.